நாலு ஓட்டைக்கு நாலு ஓட்டை

சென்னை ஜெனரல் பேட்டர்ஸ் சாலையில் "பொருந்தாது" என்று சொன்ன கடைக்காரரை நான் இதுவரை சந்தித்ததில்லை. என்ன வண்டி, என்ன மாடல், எந்த வருஷம் என்று வரிசையாகக் கேட்பார்கள். பதில் எதுவாக இருந்தாலும், "உக்காந்துரும் சார்" என்பார்கள். சீட் கவரா, உக்காந்துரும். ஹாரனா, உக்காந்துரும். கப்பல் நங்கூரம் வேண்டும் என்று கேட்டாலும், உள்ளே இருக்கும் பையனிடம் ஒரு கிளாம்ப் எடுத்து வரச் சொல்வார்கள் என்றே நினைக்கிறேன். சீட் கவர் விஷயத்தில் இந்தத் தைரியம் நல்லதுதான். நூறு கிலோமீட்டர் வேகத்தில் சுற்ற வேண்டிய சக்கரத்துக்கும் அதே பதில் வரும்போதுதான் வயிற்றைக் கலக்குகிறது.

எனக்கு அலாய் வீல் மோகமெல்லாம் கிடையாது. என்னுடையது வெள்ளை டிசையர், 2014 மாடல், விஎக்ஸ்ஐ. இரும்பு ரிம், அதை மறைக்க பிளாஸ்டிக் கப். மழைநீர் வடிகாலுக்குத் தோண்டி, மூடியதாகச் சொல்லப்பட்ட பள்ளங்களில் கப்புகள் ஒவ்வொன்றாகக் கழன்றன. கடைசிக் கப் போரூர் மேம்பாலத்து இறக்கத்தில் என்னையே முந்திக்கொண்டு போனது. பின்னால் வந்த பஸ்காரர் அதற்கு மரியாதையாக வழிவிட்டார், எனக்கு விட்டதில்லை.

கப் இல்லாத வெள்ளை டிசையர் என்றால் இந்த ஊரில் கால் டாக்சி என்று அர்த்தம். நம்பர் பலகை மஞ்சளா வெள்ளையா என்றெல்லாம் யாரும் பார்ப்பதில்லை. ஒரு நாள் கோயம்பேடு பக்கம் ஓரமாக நிறுத்தியிருந்தபோது, பின்கதவைத் திறந்து ஒரு அம்மா இரண்டு பைகளோடு ஏறி உட்கார்ந்து, "ஓடிபி சொல்லட்டுமா அண்ணே?" என்றார். முன்சீட்டில் என் மனைவி. அவளைப் பார்த்துவிட்டு, "ஷேரிங்னு சொல்லவே இல்லையே" என்று அந்த அம்மா கோபித்துக்கொண்டார். வீடு வந்து சேரும்வரை மனைவி வாய் திறக்கவில்லை. இறங்கும்போது மட்டும், "முதல்ல இந்த வீலை மாத்துங்க" என்றாள்.

செய்தி அவள் தம்பிக்குப் போனது. மறுநாளே குட்டி யானையில் நாலு அலாய் வீல்கள் வந்து இறங்கின. மச்சினன் தன் பழைய ஃபோர்டு ஃபிகோவை விற்றபோது இரும்பு வீலை மாட்டிக் கொடுத்துவிட்டு, அலாய்களைக் கட்டிலுக்கு அடியில் பத்திரப்படுத்தி வைத்திருந்தான். "மாமா, காசே வேணாம். உங்க வண்டிக்கும் நாலு ஓட்டை, இதுலயும் நாலு ஓட்டை. அப்புறம் என்ன?"

வங்கியில் காலமெல்லாம் எண்களைக் கூட்டிக் கழித்தவன் நான். "நாலு சரிடா மாப்ளே, ஓட்டைக்கும் ஓட்டைக்கும் இடையில எவ்வளவு?" என்றேன். அவன் என் மனைவியைப் பார்த்தான். அவள் மேலே பார்த்தாள்.

வீல் கடைக்காரர்கள் பிசிடி என்று சொல்வது இதைத்தான். நட்டு ஓட்டைகளின் நடுப்புள்ளிகள் வழியே ஒரு வட்டம் போட்டால் அதன் குறுக்களவு. டிசையருக்கு 4 ஓட்டை, 100 மி.மீ. ஃபிகோவுக்கு 4 ஓட்டை, 108 மி.மீ. அளப்பதும் சுலபம்: ஒரு ஓட்டையின் உள்விளிம்பிலிருந்து எதிர் ஓட்டையின் வெளிவிளிம்பு வரை டேப் பிடித்தால் போதும். ஐந்து ஓட்டை வீலில் நேர் எதிரே ஓட்டையே இருக்காது என்பதால் அங்கே இந்த வித்தை பலிக்காது. நான் அளந்து காட்டினேன். "எட்டு மில்லிமீட்டர்தானே மாமா! ஓட்டையை லேசா ராவிட்டா?" என்றான். வீல் ஓட்டையை அரத்தால் ராவலாம் என்று நினைப்பவன் ஒரு பொறியியல் கல்லூரியில் மெக்கானிக்கல் படித்தவன் என்பதை இங்கே பதிவு செய்துவிட்டு மேலே போகிறேன். அந்த நாலு வீலும் பால்கனியில் துணி காயப்போடும் கொடிக்குக் கீழே குடியேறின.

எட்டு மில்லிமீட்டர் வித்தியாசம் உண்மையில் யோக்கியமானது. மாட்டப் பார்த்தாலே மாட்டாது, முகத்துக்கு நேரே சொல்லிவிடும். இரண்டு மில்லிமீட்டர்தான் நம்பவைத்துக் கழுத்தறுக்கும். புதுப்பேட்டையில் ஒரு கடையில் எனக்குக் காட்டப்பட்ட வீல்கள் அழகென்றால் அப்படி ஓர் அழகு. விலையும் அழகு. திருப்பிப் பார்த்தால் ஒரு ஃபியட் காரில் இருந்து கழற்றியவை. அந்த வண்டியின் பிசிடி 98. எங்கள் வண்டியின் ஸ்டட்டுகள் அந்த ஓட்டைகளில் தாராளமாக நுழையும், நட்டும் ஏறும். ஆனால் நட்டின் கூம்பு முனை ஓட்டையின் நடுவில் உட்காராமல் ஒரு பக்கச் சுவரில் சாய்ந்து நிற்கும். முறுக்க முறுக்க ஸ்டட்டை ஒரு பக்கமாக இழுக்கும். பைபாஸில் லாரிக்கும் தடுப்புச்சுவருக்கும் நடுவே போகும்போது நட்டு தானாகத் தளர்ந்தால் அதை எடுத்துச் சொல்ல ஆள் இருக்காது. கடைக்காரரிடம் சொன்னேன். "சார், ரெண்டு மில்லிமீட்டர்னா தலைமுடி சார்" என்றார். அவருக்குத் தலையில் முடியே இல்லை. அளவு எப்படித் தெரிந்தது என்று தெரியவில்லை.

சரி, பிசிடி 100 என்றே இருக்கிற வீலைக் காட்டுங்கள் என்றேன். ஹோண்டா சிட்டியுடையது வந்தது. நாலு ஓட்டை, 100 மி.மீ., சுத்தம். எல்லாரும் இந்த இடத்தில் பணத்தை எண்ணிக் கொடுத்துவிடுவார்கள். நான் பையிலிருந்து வெர்னியரை எடுத்தேன். கடைப் பையன் இரண்டடி பின்வாங்கினான்.

வீலின் நடுவே ஒரு பெரிய ஓட்டை உண்டு. வண்டியின் ஹப்பில் துருத்திக்கொண்டிருக்கும் வளையம் அதற்குள் கச்சிதமாகப் போய் உட்கார வேண்டும். வீலை நடுமையத்தில் நிறுத்துவது அந்த வளையம்தான். மாருதி ஹப் 54.1 மி.மீ. ஹோண்டா வீலின் நடு ஓட்டை 56.1. இந்த இடைவெளியோடு மாட்டினால் வீல் நட்டுகளின் தயவில்தான் நிற்கும். எண்பதைத் தொட்டதும் ஸ்டியரிங் நடுங்க ஆரம்பிக்கும். உடனே பேலன்சிங் கடைக்கு ஓடுவோம். அந்த மெஷின் நடு ஓட்டையைப் பிடித்துக்கொண்டுதான் வீலைச் சுற்றும். அதனால் எல்லாம் சரி என்று பச்சை விளக்குக் காட்டும். வண்டியில் மாட்டினால் மறுபடி நடுக்கம். மெஷினும் பொய் சொல்லவில்லை, ஸ்டியரிங்கும் பொய் சொல்லவில்லை. நாம்தான் ஈயக் கட்டிக்குக் காசு கொடுத்துக்கொண்டே இருப்போம். ஹப் ரிங் என்று ஒரு சின்ன வளையத்தை இடையில் போட்டால் இது தீர்ந்துவிடும். விலையும் பெரிதாக இல்லை. ஆனால் கேட்டால்தான் கொடுப்பார்கள். கேட்டபோது இந்தக் கடைக்காரர் சொன்ன மாற்று யோசனை: "இன்சுலேஷன் டேப் ரெண்டு சுத்து சுத்திரலாம் சார்."

ஹோண்டாவில் இன்னொரு சங்கதியும் உண்டு. கம்பெனி வீலில் நட்டு உட்காரும் குழி உருண்டையாக இருக்கும். எங்கள் நட்டு கூம்பு. கூம்பை உருண்டைக் குழியில் இறுக்கினால் ஒரு மெல்லிய கோட்டில்தான் பிடிக்கும், மேற்பரப்பு முழுவதும் பிடிக்காது. ஹோண்டா நட்டைக் கொண்டு வந்து மாட்டலாம் என்றால் அதற்கு மரை இடைவெளி 1.5 மி.மீ., மாருதிக்கு 1.25. ஏறாது. ஏற்றினால் இறங்காது.

அடுத்தது ஆஃப்செட். வீலின் பின்பக்கம் 45, 38 என்று பொறித்திருக்கும் எண். கடைகளில் அதைப் பற்றி நான் கேட்டபோதெல்லாம் எனக்கு டீ வந்தது. வீலின் அகலத்தில் சரிபாதிக் கோட்டுக்கும், ஹப்பில் ஒட்டும் முகத்துக்கும் உள்ள தூரம் அது. எண் குறையக் குறைய வீல் வெளியே பிதுங்கும். உதாரணத்துக்கு, 5 அங்குல அகலமும் 45 ஆஃப்செட்டும் உள்ள ரிம்மைக் கழற்றிவிட்டு 6.5 அங்குல அகலமும் 35 ஆஃப்செட்டும் உள்ள ரிம்மைப் போட்டால், அகலம் கூடியதில் 19 மி.மீ., ஆஃப்செட் குறைந்ததில் 10, ஆக வெளிவிளிம்பு 29 மி.மீ. வெளியே வரும். பார்க்க முறைப்பாகத்தான் இருக்கும். மழையில் சேறு முழுக்கக் கதவில் அடிக்கும், வீல் பேரிங் சீக்கிரம் முனகும், பின்சீட்டில் மாமியார் வீட்டு ஆட்கள் மூன்று பேர் ஏறினால் ஸ்பீட் பிரேக்கரில் மட்கார்டு டயரை உரசும். அந்தச் சத்தத்துக்கு யார் எடை காரணம் என்ற பேச்சை மட்டும் எடுக்கவே கூடாது.

டயர் அளவில்தான் எனக்கு உண்மையான ஆனந்தம். எங்கள் வண்டிக்குக் கம்பெனி போட்டது 165/80 ஆர்14. 165 மி.மீ. அகலம், அதில் 80 சதவீதம் சுவர் உயரம், 14 அங்குல ரிம். பெருக்கிக் கூட்டினால் டயரின் மொத்த உயரம் 619.6 மி.மீ. இதே வண்டியின் மேல் மாடலான இசட்எக்ஸ்ஐ-க்கு 185/65 ஆர்15. அதைப் போட்டால் 621.5. இரண்டு மில்லிமீட்டர்கூட வித்தியாசம் இல்லை! ராத்திரி பதினோரு மணிக்கு இதைக் கண்டுபிடித்து மனைவியை எழுப்பிச் சொன்னேன். அவள் புரண்டு படுத்தாள். 205/65 ஆர்15 "கும்முனு இருக்கும் சார்" என்று ஒருவர் சிபாரிசு செய்தார். அது 647.5. ஸ்பீடோமீட்டர் 100 காட்டும்போது வண்டி 104-ஐத் தாண்டியிருக்கும். கேமராக்காரர்களிடம் போய் டயர் கும்மென்று இருப்பதைக் காரணமாகச் சொல்ல முடியாது.

17 அங்குலமும் ஆசை காட்டினார்கள். 205/45 ஆர்17, கணக்குப்படி 616.3, உயரம் சரிதான். ஆனால் 132 மி.மீ. இருந்த டயர் சுவர் 92 ஆகிவிடும். குறைந்த அந்த 40 மி.மீ. ரப்பர்தான் நம் மாநகரச் சாலைகளுக்கும் நம் முதுகெலும்புக்கும் இடையில் நின்ற ஒரே நடுவர். இரும்பு ரிம் பள்ளத்தில் விழுந்தால் வளையும், பெண்டு எடுக்கிறவர் தட்டிச் சரிசெய்துவிடுவார். அலாய் விரிசல் விடும். விரிசலுக்கு வெல்டிங் வைத்து, பெயின்ட் அடித்து, அடுத்தவனுக்கு விற்பார்கள். அந்த அடுத்தவன் நாம்.

ஆகவே நான் தேடியது ஒன்றே ஒன்று: இதே வண்டியின் மேல் மாடலில் கம்பெனி போட்ட 15 அங்குல அலாய். பிசிடி, நடு ஓட்டை, ஆஃப்செட், நட்டுக் குழி எல்லாவற்றையும் கம்பெனி இன்ஜினியர் ஏற்கெனவே பார்த்துவிட்டார். டிரைவர் கதவைத் திறந்தால் தெரியும் ஸ்டிக்கரில் டயர் அளவும் காற்று அளவும் இருக்கும். இவ்வளவு அலைச்சலுக்கும் பதில் பெரும்பாலும் அந்த ஸ்டிக்கரிலேயேதான் இருக்கிறது. அலாய் கிடைக்குமா என்றால், கிடைக்கும். 17 அங்குலம் மாட்ட வேண்டும் என்று தவிக்கிற இளைஞர்கள் ஊரில் நிறைய. மடிப்பாக்கத்தில் ஒரு தம்பி தன் கம்பெனி வீல்களை மாடிப்படிக்குக் கீழே போட்டு வைத்திருந்தார். "ரொம்ப கம்பெனி லுக்கா இருக்குண்ணே, அதான் கழட்டிட்டேன்" என்றார். எனக்குக் கண் கலங்கியது.

வீலின் வெளிமுகத்தை யாரும் பார்க்க வேண்டியதில்லை, அதைத்தான் எல்லாரும் பாலிஷ் போட்டு வைப்பார்கள். நான் கவிழ்த்துப் போட்டு, உள்பக்கத்து விளிம்பை விரலால் தடவிக்கொண்டே சுற்றி வந்தேன். தூசியும் பிரேக் கருப்பும் தவிர வேறில்லை. வெல்டிங் முண்டு இல்லை, சொட்டை இல்லை. டயர்களும் சேர்த்துத் தருகிறேன், புதுசு மாதிரிதான் என்றார். டயர் பக்கச் சுவரில் நீள்வட்டத்துக்குள் நாலு இலக்கம் இருக்கும். முதல் இரண்டு வாரம், அடுத்த இரண்டு வருஷம். 1116 என்றிருந்தது. 2016-இன் பதினொன்றாவது வாரம். "தம்பி, இது உங்க பத்தாம் வகுப்புப் பரீட்சை டயர்" என்றேன். "நேத்துதாண்ணே கழுவினேன்" என்றார். வீலை மட்டும் எடுத்துக்கொண்டேன்.

டயர் கடையில் நடந்ததையும் சொல்ல வேண்டும். பழைய வீலைக் கழற்றியதும் ஹப் முகம் முழுக்கத் துரு. அதன் மேலேயே புது வீலை வைக்கப் போன பையனை நிறுத்தி, கம்பி பிரஷ் வாங்கி நானே தேய்த்தேன். செதில் செதிலாக விழுந்தது. அந்தச் செதில் ஒன்று இடையில் மாட்டினால் வீல் அந்த அளவுக்குச் சாய்ந்தே நிற்கும். தேய்த்து முடித்து வீலை வைத்தபோது 'டப்' என்று ஒரு சின்னச் சத்தத்தோடு வளையத்தில் ஏறி, கையை எடுத்தும் விழாமல் நின்றது. பையன் ஏர் கன்னைத் தூக்கினான். முதலில் கையால் திருகு, அப்புறம் எதிரெதிர் நட்டாக இறுக்கு, கடைசி இறுக்கத்துக்கு டார்க் ரென்ச் எடுத்து வா என்றேன். அவன் உள்ளே போய் வீல் ஸ்பேனரோடு ஒரு நீளமான ஜிஐ குழாயை எடுத்து வந்தான். "இதுல ஏறி நின்னா கரெக்ட் டார்க் சார்." யார் ஏறி நின்றால் என்று கேட்டேன். அவன் முதலாளியைப் பார்த்தான். முதலாளி நல்ல உடல்வாகு. பக்கத்து சர்வீஸ் சென்டரில் டார்க் ரென்ச் இரவல் வாங்கி வந்து, மேனுவலில் உள்ள அளவுக்கு முறுக்கினோம். அலாய் மாட்டினால் நூறு கிலோமீட்டர் ஓடியதும் இன்னொரு முறை நட்டைச் சரிபார்க்க வேண்டும் என்று நான் சொன்னபோது, அந்தப் பையன் மிகுந்த பரிவோடு, "சார், வேற கடைக்குக்கூடப் போகலாம் சார்" என்றான்.

வீட்டில் அம்மா எலுமிச்சம்பழம் எடுத்து வந்தாள். பழைய வண்டிதானேம்மா என்றேன். "வண்டி பழசு, சக்கரம் புதுசு இல்லையா?" என்றாள். சக்கரம் 2016 என்று சொல்ல வாயெடுத்து அடக்கிக்கொண்டேன்.

ஞாயிற்றுக்கிழமை மச்சினன் வந்தான். வண்டியைச் சுற்றி வந்தான், குனிந்து பார்த்தான். "என்ன மாமா, இவ்வளவு அலைஞ்சு... மாத்தின மாதிரியே தெரியலையே!" என்றான். எனக்கு உள்ளூரக் குளிர்ந்தது, காட்டிக்கொள்ளவில்லை. பிறகு அவன் பால்கனியை எட்டிப் பார்த்தான்.

"அந்த வீல் சும்மாதானே கிடக்கு? நான் எடுத்துட்டுப் போறேன் மாமா. எங்க பெரியப்பா செகண்ட் ஹேண்ட்ல ஒரு போலோ வாங்கியிருக்கார்."

"போலோவுக்கு அஞ்சு ஓட்டைடா மாப்ளே."

"ஒண்ணுதானே மாமா," என்றான். "போட்டுக்கலாம்."