காது வளர்த்த கதை

முல்லைக்குத் தேர் கொடுத்தவன் பாரி. எனக்கு ஒரு மொட்டைக் கத்தி கொடுத்ததும் பாரிதான். முன்னவன் ஆள், இது ஊர். இத்தாலி ஒரு பூட்ஸ் மாதிரி இருக்கும் என்று பூகோள வாத்தியார் சொல்லியிருப்பாரே, அந்த பூட்ஸின் குதிகாலுக்குக் கொஞ்சம் மேலே, அட்ரியாட்டிக் கடலைப் பார்த்தபடி இருக்கிற துறைமுகம்.

1993 நவம்பர். நான் அப்போது சரக்குக் கப்பலில் நாலாம் இன்ஜினியர். கனடாவிலிருந்து கோதுமை ஏற்றி வந்திருந்தோம். டூரம் என்கிற கெட்டிக் கோதுமை. பாஸ்தாவுக்கு அதுதான் உயிர். மழை பெய்தால் தானியம் இறக்க மாட்டார்கள், ஹாட்ச்சை மூடிவிட்டுக் காத்திருக்க வேண்டியதுதான். விடாமல் மழை. எங்களுக்குக் கரைக்குப் போக விடுமுறை.

கப்பலேறி வந்த ஏஜென்ட் ஒரே ஒரு புத்திமதிதான் சொன்னார்: பழைய ஊருக்குள் மட்டும் போய்விடாதீர்கள். ஸ்கூட்டரில் இரண்டு பையன்கள் வருவார்களாம். ஒருவன் ஓட்டுவானாம், ஒருவன் பறிப்பானாம். அந்தப் பகுதிக்கு ‘ஸ்கிப்போலாந்தியா’ என்று ஊர்க்காரர்களே பேர் வைத்திருந்தார்கள். டிஸ்னிலாண்ட் போல, இது வழிப்பறிலாண்ட். பறிப்பதில் இந்த ஊருக்கு நெடிய மரபு உண்டு. கிறிஸ்துமஸ் தாத்தாவுக்கு மூலவரான புனித நிக்கோலாசின் எலும்புகளை, இன்றைய துருக்கியில் இருக்கும் மைராவிலிருந்து 1087-இல் தூக்கிக்கொண்டு வந்தவர்கள் பாரி மாலுமிகள்தாம். அவற்றை வைத்துக் கட்டிய பெரிய கோயில் அந்தப் பழைய ஊருக்குள்ளேதான் இருக்கிறது.

ஏஜென்ட் சொன்னதை மீறவேண்டும் என்று நான் நினைக்கவே இல்லை. பெத்ருசெல்லி என்ற பேர்பெற்ற நாடக அரங்கைப் பார்க்கப் போனேன். அது 1991-இல் தீப்பிடித்து, கூரையில்லாமல் வெறும் சுவராக நின்றது. பார்க்க வேண்டியதைப் பார்க்காத ஏமாற்றத்தில் துறைமுகத்துக்குக் குறுக்குவழி பிடித்தேன். நாலாவது சந்தில் வழி தவறிவிட்டது. மழை வலுத்தது.

தாழ்ந்த வளைவு ஒன்று. அதற்கப்பால் மாடிக்கு மாடி துணி காயும் கொடிகள். சமையற்கட்டு நேரே தெருவில் திறக்கும் தரைவீடுகள். ஒரு வாசலில், மழைக்குள் அரையும் மழைக்கு வெளியே அரையுமாக மேஜையைப் போட்டு, கறுப்பு உடுத்திய ஓர் ஆச்சி மாவை வெட்டிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்தார். நனைந்த கோழியைக் கூடைக்குள் இழுப்பதுபோல் கையைப் பிடித்து உள்ளே இழுத்து நாற்காலியில் உட்காரவைத்தார். பயமாகத்தான் இருந்தது. என் பையில் நாற்பதாயிரம் இருந்தது. ஜமீன்தார் கணக்காகத் தோன்றும்; லிராவில் அது ஏறக்குறைய இருபத்தைந்து டாலர்.

அவர் பறிக்கவில்லை. வேலையைத் தொடர்ந்தார். நம் சப்பாத்தி மாவைவிட இறுக்கமான மாவு. முட்டை கிடையாது, எண்ணெய் கிடையாது. நைஸாக அரைத்த டூரம் ரவையும் தண்ணீரும்தான். இரண்டு பங்கு மாவுக்கு ஒரு பங்கு தண்ணீர். சுண்டுவிரல் கனத்துக்குக் கயிறாக உருட்டுகிறார். நகம் அளவுக்கு ஒரு துண்டு வெட்டுகிறார். வெட்டிய அதே கத்தியை மாவின் மேல் படுக்கவைத்து அழுத்தித் தன் பக்கம் இழுக்கிறார். மாவு அலகின் அடியில் சுருண்டு கொள்கிறது. அதைக் கட்டைவிரல் நுனியில் தொப்பி மாட்டுவதுபோல் புரட்டிவிட்டால் ஒரு குட்டிக் காது. ஒரெக்கியெத்தே என்றால் அதுதான், குட்டிக் காதுகள். உட்பக்கம் வழவழப்பாகக் குழிந்திருக்கும். வெளிப்பக்கம் சொரசொரவென்று இருக்கும், குழம்பு பிடித்துக்கொள்ள.

வெறுங்கையோடு உட்கார்ந்திருப்பவனைப் பார்க்க அவருக்குப் பொறுக்கவில்லை போலிருக்கிறது. இன்னொரு கத்தியை என் கையில் திணித்தார். முனை மழுங்கிய, பல் தேய்ந்த சாப்பாட்டு மேஜைக் கத்தி. ‘கொஸீ’ என்றார். இப்படி என்று அர்த்தம். அன்று சாயங்காலம் நான் கற்ற இத்தாலியன் முழுக்க அந்த ஒரு சொல்தான். நான் செய்தேன். மணிக்கட்டில் ஓர் அடி விழுந்தது. ‘கொஸீ!’

என் ஆச்சி பாம்படம் போட்டவர். ராத்திரி அதைக் கழற்றி வைத்தபின் காது தோள்வரை தொங்கும். துளைக்குள் என் கட்டைவிரல் போய்வரும். நான் செய்த முதல் காது அச்சு அசல் அது. இரண்டாவதும் அப்படித்தான். நான் ஒன்றைக் கெடுப்பதற்குள் அந்த அம்மாள் முப்பது செய்து பலகையில் பரப்பியிருந்தார்.

பிறகு சாப்பாடு. டர்னிப் வகைச் செடி ஒன்றின் கொழுந்தும் மொட்டும், நம் கீரைகளில் இல்லாத ஒரு கசப்பு. காதுகளையும் கீரையையும் ஒரே பானையில், ஒரே தண்ணீரில் வேகவைத்து, பூண்டும் வற்றலும் உப்பில் ஊறிய நெத்திலியும் எண்ணெயில் கரைத்துக் கொட்டினார். தூத்துக்குடிக்காரனுக்கு நெத்திலியை யாரும் பரிந்துரைக்க வேண்டியதில்லை. இரண்டு தட்டு சாப்பிட்டேன்.

சாப்பிட்டுக்கொண்டே மனசுக்குள் ஓடியதையும் சொல்லிவிடுகிறேன்: என்ன அநியாயமான உழைப்பு! துறைமுகக் கடையில் எல்லா வடிவத்திலும் பாக்கெட் பாக்கெட்டாகக் கிடைக்கிறதே. ஏழைகளுக்கு நேரத்தின் அருமை தெரிவதில்லை. இருபத்தாறு வயது இன்ஜினியர் அல்லவா? கையால் கைப்பிடி சுற்றுவதுபோல் காட்டி, இதற்கு மெஷின் கிடையாதா என்று கேட்டேன். ஆச்சி சிரித்த சிரிப்பில் பக்கத்து வீட்டுக்காரி எட்டிப் பார்த்தாள்.

கிளம்பும்போது ஒரு பொட்டலம் காதுகளும், செய்தித்தாளில் சுற்றிய அந்த மொட்டைக் கத்தியும் கொடுத்தார். நான் ஓர் ஆயிரம் லிரா நோட்டை நீட்டினேன். அதை மடித்து என் சட்டைப்பையிலேயே செருகினார். அந்த நோட்டில் ஓர் அம்மாளின் படம் இருந்தது. மரியா மாண்டிசோரி என்று பின்னால்தான் தெரிந்தது. 1939-இல் சென்னைக்கு வந்து அடையாறில் ஆசிரியர்களுக்குப் பயிற்சி கொடுத்தவர். குழந்தை கையால்தான் கற்கும் என்பது அவர் கட்சி. சில வருஷம் கழித்து, அவர் பேரை மாட்டிய ஒரு பள்ளிக்கூடத்தில் என் மகளுக்கு ஃபீஸ் கட்டியபோதுதான் அந்தப் பேரின் விலை விளங்கியது.

பொட்டலத்தைக் கப்பல் சமையல்காரர் ஆட்டுக்கறிக் குழம்பில் போட்டுவிட்டார், நன்றாகவே இருந்தது. ஊருக்கு நான் ஃபாரின் சாமானாக வாங்கிப்போனது என்னவோ ஐந்து பாக்கெட் ஆலை பாஸ்தா. அம்மா கடுகு, கறிவேப்பிலை தாளித்து உப்புமா கிண்டினாள். சேமியாவே தேவலை என்று வீடு தீர்ப்புச் சொன்னது.

இது அன்று.

போன அக்டோபரில் மியூனிக்கில் இருக்கும் மகள் எங்கள் இருவரையும் பாரிக்குக் கூட்டிப்போனாள். விமான டிக்கெட்டோடு சேர்த்து ‘பாஸ்தா எக்ஸ்பீரியன்ஸ்’ ஒன்றும் பதிவு செய்திருந்தாள். தலைக்கு எண்பத்தைந்து யூரோ, இரண்டரை மணி நேரம், ஒரு கோப்பை ஒயின், ஏப்ரன் இலவசம். நான் அங்கே இதை ஏற்கெனவே படித்தவன் என்று சொல்லிப் பார்த்தேன். “அப்பா, அது சும்மா வேடிக்கை பார்த்தது. இது முறையா கத்துக்கிறது” என்றாள்.

அந்தச் சந்துக்கு ஆர்கோ பாஸோ என்று பேர். அன்று எனக்கு அது தெரியாது. இன்று உலகத்துக்கே தெரியும். இரண்டு பக்கமும் மேஜைகள், மரச்சட்டமிட்ட வலைத்தட்டுகளில் காயும் காதுகள், கலர் கலராகப் பாக்கெட்டுகள். உல்லாசக் கப்பலில் வந்தவர்கள் கொடி பிடித்த வழிகாட்டியின் பின்னால் சாரை சாரையாகப் போகிறார்கள். கிழவிகளின் கைகளுக்கு மேலே பத்துப் பதினைந்து போன்கள் மிதக்கின்றன. ஸ்கூட்டர் பையன்களைக் காணோம். அவர்களுக்கு இப்போது வேலையும் இல்லை. நாங்களே வரிசையில் நின்று பையைத் திறக்கிறோம். பெத்ருசெல்லியைக்கூட 2009-இல் பழையபடி கட்டித் திறந்துவிட்டார்கள்.

சந்துக்குச் சட்டமும் வந்துவிட்டது. வீட்டு வாசலில் செய்ததைச் சில்லறையாக விற்பதைக் கண்டுகொள்ளாத அதிகாரிகள், அது ஓட்டல் தட்டுக்குப் போனால், எங்கே யார் செய்தது என்று லேபிள் கேட்கிறார்கள். 2019-இல் இது உலகப் பத்திரிகைகள் வரை போன சண்டை. 2024-இல் அதைவிட ருசியான புகார்: அங்கே கையால் செய்தது என்று விற்பதில் ஆலைச் சரக்கும் கலந்திருக்கிறதாம். விசாரணை நடந்தது. மெஷின் இல்லையா என்று நான் அன்று கேட்ட கேள்விக்கு ஊர் கொஞ்சம் தாமதமாகப் பதில் தேட ஆரம்பித்திருக்கிறது.

அந்த ஆச்சியின் வாசல் எது என்று தேடிப் பார்த்தேன். வளைவு மட்டும் தெரிந்தது. நான் அதுதான் என்று நினைத்த கதவில் எண் அழுத்தித் திறக்கும் பூட்டு. வாடகைக்கு விடுகிற வீடு. அவருக்கு அன்றே எழுபது இருக்கும்.

வகுப்பு பக்கத்துத் தெருவில். சட்டையில் மைக் மாட்டிய இளைஞர், பாட்டிகளின் ரகசியம் என்று தொடங்கினார். ரகசியம் என்பது மாவும் தண்ணீரும்தான் என்பது பதினைந்தாவது நிமிஷத்தில் வெளியானது. இந்த மண்ணின் கோதுமை என்றும் சொன்னார். இருக்கலாம், பாரி இருக்கிற புல்யா மாநிலத்தில் நல்ல டூரம் விளைகிறது. ஆனால் இத்தாலி தின்கிற, ஏற்றுமதி செய்கிற பாஸ்தாவுக்கு அதன் சொந்த வயல் போதாது, கனடாவிலிருந்தும் கப்பல் வருகிறது. மூன்று நாள் மழைக்காக ஹாட்ச்சை மூடிவைத்திருந்த ஒருவன் இங்கே ஏப்ரனோடு நிற்கிறான் என்று சொல்ல வாயெடுத்தேன். மகள் காலை மிதித்தாள்.

என் காதுகள் முப்பது வருஷத்தில் முன்னேறவில்லை. ஆனால் தோல்வியின் நிலைமை முன்னேறியிருந்தது. புரட்டாமல் விட்ட ஒன்றை எடுத்துப் பார்த்து, “பிரமாதம், இது ஸ்ட்ராஷினாத்தி” என்றார் இளைஞர். இழுத்த மாவு என்று பொருளாம். சோழி மாதிரி சுருட்டிக்கொண்ட இன்னொன்று கவாத்தெல்லியாம். தப்புக்கெல்லாம் பேர் வைத்திருக்கிற ஊரில் தோற்றுப்போவது கஷ்டம். அன்றைய ஆச்சியிடம் இதற்கெல்லாம் ஒரே பேர்தான்: மணிக்கட்டில் அடி.

என் மனைவி வாயே திறக்காமல் வேலை பார்த்தாள். அம்மிணிக் கொழுக்கட்டை உருட்டிய கை. மூன்றாவது காதிலிருந்து எல்லாம் ஒரே அளவு. இளைஞர் மைக்கை அணைத்துவிட்டு அவள் கையைப் படம் எடுத்துக்கொண்டார். என்னைத் திரும்பிப் பார்த்து அவள் கேட்டது தமிழில் என்பது ஒன்றே ஆறுதல்:

“ஏங்க, கல்யாணமாகி இத்தனை வருஷத்துல ஒரு நாள் இடியாப்பம் பிழிஞ்சிருக்கீங்களா? எண்பத்தஞ்சு யூரோ குடுத்தாத்தான் உங்களுக்கு மாவு பிசைய வருமா?”

பதில் சொல்ல ஒன்றுமில்லை. எங்கள் வீட்டில் இப்போது இடியாப்பம் பிழிவதே கிடையாது. காலை ஏழு மணிக்கு சைக்கிளில் வருகிறது. அம்மாவின் மர உரலை மகள் கேட்டு வாங்கிக்கொண்டு போய் மியூனிக்கில் அலமாரியில் அழகுக்கு வைத்திருக்கிறாள்.

வகுப்பு முடிவில் ஆளுக்கொரு சான்றிதழ் கொடுத்தார்கள். அதைச் சட்டம் போட்டு ஹாலில் மாட்டியிருக்கிறேன். 1993-ஆம் வருஷத்துக் கத்தி அடுப்படியில் இருக்கிறது. சிரட்டையிலிருந்து தேங்காயைப் பிசிறில்லாமல் நெம்பி எடுக்க அதுபோல் ஒன்று வாய்க்காது என்று மனைவி அதைக் கல்யாணமான புதிதிலேயே கைப்பற்றிவிட்டாள். ஊர் திரும்பிய மறுவாரம், ஒரெக்கியெத்தே செய்யப்போகிறேன், கத்தியைக் கொடு என்று கேட்டேன். சட்னிக்குத் தேங்காய் எடுத்துவிட்டுத் தருகிறேன் என்றாள். இன்னும் தரவில்லை.