கேளுங்கள், சொல்கிறோம்

நேரம், ஒளி, ஒலி மூன்றும் குழம்பிப்போகும் எல்லை மண்டலம் கதைகளில் வருகிறதே, அப்படி ஓர் இடம் நிஜத்தில் உண்டா? – ஒரு வாசகர், லாபிஸ்

அதற்குள்தானே குடியிருக்கிறீர்கள்!

நேரம்: 1981 டிசம்பர் 31 இரவு 11.30-க்கே தீபகற்ப மலேசியாவில் மணி 12 ஆக்கப்பட்டது, சபா, சரவாக்கோடு ஒத்துப்போக. விழுங்கிய அரைமணியை இன்னும் யாரும் திருப்பித் தரவில்லை.

ஒளி: லாபிஸில் வருடத்தின் பெரும்பாலான நாள்களில் சூரியன் உச்சிக்கு வரும்போது பகல் ஒரு மணி தாண்டிவிடுகிறது.

ஒலி: முகூர்த்தம் முடிந்த பிறகும் போனில் கேட்கும் "இதோ, வந்துகிட்டே இருக்கோம்!"

நேரக் குழப்பம் ஜப்பானியர் ஆட்சியில் இன்னும் மோசம். இங்கே தோக்கியோ நேரம்தான் ஓடியது. மணியை முடிவு செய்வது சூரியன் அல்ல, அரசாங்கம்.