பதுங்கினால் ஆறும் காயம்

‘கால் ஒஃப் டியூட்டி’ என்ற கணினிப் போர் விளையாட்டு 2003 ஒக்டோபரில் வெளிவந்தபோது இலங்கையில் போர்நிறுத்தம். நாம் விட்ட துவக்கை அமெரிக்காவில் கணினிக்காரர்கள் எடுத்துக்கொண்டார்கள். 2005இல், இரண்டாம் பாகத்தில், ஒரு வசதி வந்தது: குண்டு பட்டவர் சுவரோரம் சற்றுப் பதுங்கினால் காயம் தானாக ஆறிவிடும். அந்த ஏற்பாடு கிழக்கில் இருந்திருந்தால் மட்டக்களப்பு ஆஸ்பத்திரிக்கு எவ்வளவு வேலை மிச்சம்!

2007 ஜூலையில் குடும்பிமலையை இராணுவம் பிடித்ததும், கிழக்கில் போர் முடிந்தது என்றார்கள். அதே ஆண்டு நவம்பரில் இந்த விளையாட்டு இரண்டாம் உலகப் போரை விட்டு நவீன போருக்கு மாறியது.

2019இல் அது கைபேசிக்கும் வந்துவிட்டது. ஓட்டமாவடிப் பொடியன்கள் இருந்த இடத்திலேயே நகரங்களைப் பிடிக்கிறார்கள்; “சோறு ஆறுது மகன்” என்ற உம்மாவின் குரலுக்கு மட்டும் சரணடைகிறார்கள்.

2022 ஜனவரியில், இந்த விளையாட்டை வைத்திருந்த ஆக்டிவிஷன் பிளிசார்டுக்கு மைக்ரோசொஃப்ட் பேசிய விலை 6,870 கோடி டொலர். ஏப்ரலில் இலங்கை கைவிரித்த வெளிநாட்டுக் கடன் சுமார் 5,100 கோடி டொலர். நிஜத் துவக்கு வாங்கியவர்கள் கடனாளி. பொய்த் துவக்கு விற்றவர்கள் கோடீஸ்வரர். இனி அடுத்த பாதுகாப்பு வரவு செலவுத் திட்டத்தைப் பொடியன்களிடமே கொடுத்துப் பார்க்கலாம்.