சவளக்கடைக் குசினிகளில் மைக்ரோவேவ் பீப் அடக்கம்: ஒரு முன்னோடி ஆய்வு

1. ஆய்வு நோக்கம்

மைக்ரோவேவ் அடுப்பின் பீப் ஒலியை நிறுத்தும் வழியைக் கண்டறிவதே இவ்வாய்வின் நோக்கம். ஆய்வுச் சிக்கலாவது, மைக்ரோவேவ் அடுப்பின் பீப் ஒலியை நிறுத்தும் வழி எது என்பது. கருதுகோளாவது, மைக்ரோவேவ் அடுப்பின் பீப் ஒலியை நிறுத்த வழியுண்டு என்பது. ஒரே வாக்கியத்தை மூன்று முறை எழுதிவிட்டமையால் முதல் இயல் பல்கலைக்கழக மரபு வழுவாமல் நிறைவுறுகிறது.

ஆய்வுக் களம் கிழக்கிலங்கையில், கிட்டங்கித் தாம்போதிக்கு மேற்கே சவளக்கடையில், கட்டாரிலிருந்து மச்சான் கொண்டுவந்த அடுப்பு இருக்கும் ஒரு குசினி. மாரியில் தாம்போதிக்கு மேலால் வெள்ளம் பாய்ந்தால் கல்முனையிலிருந்து எந்த ரிப்பேர்காரரும் வரமாட்டார். ஆகவே வெளித் தலையீடு கலவாத தூய களம் இது. பாண்கார ஆட்டோ தெருவெல்லாம் இசைத்துக்கொண்டு போகும் பேத்தோவன் ஆய்வு எல்லைக்கு அப்பாற்பட்டது.

2. முன்னாய்வுகள்

1945இல் அமெரிக்காவில் ரேதியன் நிறுவனப் பொறியாளர் பெர்சி ஸ்பென்சர், ராடாருக்கான மாக்னெட்ரான் அருகே நின்றபோது சட்டைப்பையில் இருந்த இனிப்புக் கட்டி உருகிப்போயிற்று. உருகியதை அறிவிக்க அன்று எதுவும் கத்தவில்லை. அப்படியிருந்தும் அவர் கண்டுபிடித்துவிட்டார் என்பது குறிக்கத்தக்கது. 1947இல் விற்பனைக்கு வந்த முதல் அடுப்பு ஆளுயரம், ஏறத்தாழ 340 கிலோ. 1967இல்தான் அது அமானா என்ற பெயரில் மேசைக்கு ஏறியது.

ஒலிக்கு வேறு வம்சம். சில படிகங்களை அழுத்தினால் மின்சாரம் பிறக்கும் என்று 1880இல் பாரிஸில் பியர் கியூரியும் அவர் அண்ணன் ஜாக்கும் கண்டார்கள். அதையே தலைகீழாக்கி, பித்தளைத் தகட்டில் ஒட்டிய பீங்கான் வில்லைக்கு மின்சாரத்தை மாற்றி மாற்றிக் கொடுத்தால் அது வளைந்து நிமிர்ந்து அதிரும், அதுவே பீப். மனிதச் செவி மிகக் கூர்மையாகக் கேட்பது 2,000 முதல் 5,000 ஹெர்ட்ஸ் வரை. இந்த வில்லைகளும் பெரும்பாலும் அதற்குள்தான் கத்துகின்றன. சஹர் நேரத்தில் ஆணத்தைச் சூடாக்கினால் ஏணையில் கிடக்கும் பிள்ளை முழிப்பது இதனாலேயே.

3. பீப்பின் வகைகள்

அ. விசைப் பீப்: விரல் பட்ட செய்தியை விரலுக்கே சொல்வது.

ஆ. கரண்ட் பீப்: மின்சாரம் மீண்டதும் எழுவது. 2022 மார்ச் இறுதியில் மின்வெட்டு நாளுக்கு 13 மணி நேரம் வரை நீண்டபோது, இது ஒன்றுதான் வீட்டார் எல்லோரும் சிரித்த முகத்துடன் கேட்ட பீப்.

இ. முடிவுப் பீப்: தொல்காப்பியம் ஒலிக்கு மாத்திரைக் கணக்கு வகுத்திருப்பதால் இதையும் அளந்தே ஆகவேண்டும். இரண்டு மாத்திரை, ஆகவே நெடில் என்பது ஒரு சாரார் கொள்கை. மூன்று மாத்திரை, ஆகவே அளபெடை என்பது மறுசாரார். "வெந்தா வெந்திச்சி, அதுக்கேன் மனே இந்தக் கத்துக் கத்துது?" என்பது மூன்றாம் கொள்கை (உம்மும்மா, வாய்மொழி).

ஈ. நினைவூட்டற் பீப்: கதவு திறக்கப்படாவிட்டால் சற்று நேரம் கழித்து மீண்டும் எழுவது. புதிய தகவல் ஏதுமில்லை; ஏற்கெனவே சொன்னதைத் தானே மேற்கோள் காட்டுகிறது. ஆய்விதழ்களில் நெடுநாள் பழகியவர்களுக்கு இவ்வொலி அந்நியமாக இராது.

4. அடக்கும் முறைகள்

பிளக்கைப் பிடுங்கல்: பீப் அடங்கும், ஆணமும் ஆறும்.

துவாயால் மூடல்: காற்றுத் துவாரம் அடைபட்டு அடுப்பே சூடாகும்; விலக்கப்பட்டது.

மூடியைக் கழற்றி வில்லையை வெட்டல்: பிளக்கைப் பிடுங்கிய பின்னும் உள்ளிருக்கும் கொண்டென்சரில் ஆளைக் கொல்லும் மின்னேற்றம் தங்கியிருக்கக்கூடும். இம்முறையால் அடங்குவது பீப் மட்டுமன்று.

முன்திறப்பு: இதுவே நம் ஊரின் தலையாய மரபு. திரையில் 1 தெரியும் கணத்தில் கதவைத் திறந்துவிடுவது. 3இல் திறப்பவர் கோழை, 0வுக்குக் காத்தவர் தோற்றவர் (மாமி, குசினி உரை, வாசற்படியில் திருத்திய பதிப்பு). மருமகன் பெண்வீட்டில் வந்து வாழும் ஊர் இது. வீடும் குசினியும் பெண்பக்கத்துச் சொத்து. ஆகவே 1இல் திறக்கும் உரிமை மாமிக்கே, மருமகன் 4இல் நின்று எச்சரிக்கலாம் (பக்கத்து வீட்டு ராத்தா மதிலுக்கு மேலால் சொன்னது, சாச்சி கேட்டு உம்மும்மாவுக்குக் கூட்டிச் சொன்னது, உம்மும்மாவுக்குக் காது மந்தமாதலால் இரண்டாம் பதிப்பு உரத்த குரலில், முதற்பதிப்பு கிடைத்திலது).

இம்மரபின் பெருமை அவுஸ்திரேலியாவிலும் நிலைநாட்டப்பட்டுள்ளது. அங்கே பார்க்ஸ் என்ற இடத்தில் 64 மீற்றர் அகல வானொலித் தொலைநோக்கி ஒன்று 1961 முதல் வானத்துக்குக் காது கொடுத்துக் கிடக்கிறது. 1998 முதல் அதில் விளங்காத சில துடிப்புகள் பதிவாகி வந்தன. 2011இல் அவற்றுக்குப் பெரிட்டன் என்று பெயரும் வைத்தார்கள். போர்ஹெஸ் எழுதிய கற்பனை விலங்குகளில் ஒன்றின் பெயர் அது; பாதி மான், பாதி பறவை, நிழல் மட்டும் மனிதனுடையது. துடிப்புகளோ பகலில், வேலை நேரத்தில், சாப்பாட்டு வேளையை ஒட்டியே வந்தன. வானத்துக்குப் பசி நேரம் தெரியுமா என்ற கேள்வி எழுந்திருக்க வேண்டும். ஒருவழியாக 2015இல் எமிலி பெட்ரோஃபும் குழுவினரும் ஆய்வகத்து மைக்ரோவேவைச் சோதித்தார்கள். நேரம் முடியுமுன் கதவைத் திறந்தால் மாக்னெட்ரான் அணையும் கணத்தில் வெளியேறும் அலையே பெரிட்டன் என்று தெரிந்தது. பதினேழு ஆண்டு மர்மம் ஒருவர் மதியச் சாப்பாட்டில் முடிந்தது.

அவர் ஏன் முன்னதாகத் திறந்தார்? பசியால் என்பர் உலகியலார். பீப்புக்கு அஞ்சியே திறந்தார் என்பது சவளக்கடைப் பள்ளியின் துணிபு (மாமி, மேற்படி, "நானும் அதத்தானே செய்றன்" என்ற ஒப்பியல் முறையால் நிறுவப்பட்டது).

பொத்தான் முறை: பல அடுப்புகளில் நிறுத்தும் பொத்தானையோ ஏதாவதோர் எண்ணையோ சில விநாடி அமுக்கிப் பிடித்தால் பீப் அடங்கிவிடும், எதை அமுக்குவது என்று கூடவந்த கையேட்டில் இருக்கும். சிலவற்றில் அந்த வசதியே இல்லை. சிலவற்றில் கரண்ட் போய் வந்தால் மறுகா முதலிலிருந்து அமுக்க வேண்டும். இவ்வாய்வில் பயனுள்ள பகுதி இது மட்டுமே என்பதால் மரபுப்படி கடைசியில், சிறிதாகத் தரப்பட்டது.

5. மேலாய்வுக்குரியவை

கதவு திறந்துகிடக்கும் பிரிட்ஜின் முறைப்பாடு, வாஷிங் மெஷினின் முடிவுப் பாட்டு ஆகியன தனி ஆய்வுக்குரியன. ரைஸ் குக்கரைச் சேர்ப்பது கடினம். தண்ணீர் வற்றிச் சூடு 100 பாகையைத் தாண்டியதும் உள்ளிருக்கும் காந்தம் பிடியை விடும், வில்சுருள் சுவிட்சைத் தட்டும், 'டக்'. அவ்வளவுதான். இதற்குப் பின்னாலும் பியர் கியூரியே நிற்கிறார்: காந்தப் பொருள்கள் சூட்டில் எப்படி மாறுகின்றன என்பதே 1895இல் அவர் கலாநிதிப் பட்டத்துக்கு எழுதிய ஆய்வு. வீட்டுச் சோறு முழுவதையும் ஆக்கி இறக்கிவிட்டு ஒரே ஒரு 'டக்'குடன் அமைதியாகிவிடும் ரைஸ் குக்கருக்கு, வெளியீடுகள் போதாமையால், பேராசிரியர் பதவி கிடைக்க வாய்ப்பில்லை.