கீரைக்காரம்மா குரல் எந்த மாடி வரை எட்டும்?

வாசகர்களிடமிருந்து வந்த கேள்விகளில் சென்னையின் ஓசைகளைப் பற்றியவற்றை மட்டும் இந்த முறை எடுத்துக்கொண்டேன்.

கேள்வி: சென்னையை ஒரே ஓசையில் சொல்லுங்கள், பார்க்கலாம்!
(கல்லூரி மாணவி, ராயப்பேட்டை)

பதில்: அடிபம்பு. கைப்பிடியின் கிரீச், வரிசையில் நிற்பவர்களின் ஊர்க்கதை, பிளாஸ்டிக் குடத்தில் விழும் தண்ணீர் என்று மூன்றும் சேர்ந்த கச்சேரி அது. குடம் நிறைய நிறைய ஓசையின் சுருதி ஏறும். கண்ணை மூடிக்கொண்டே "போதும், நிறைஞ்சிடுச்சு" என்று சொல்லும் பிள்ளைகளை நான் பார்த்திருக்கிறேன். தண்ணீருக்குத் தவித்த ஊர் காதால் படித்த பாடம்.

கேள்வி: கீரை, கோலமாவு, சாணை பிடிப்பவர், பழைய பேப்பர் என்று காலையெல்லாம் தெருவில் குரல் கேட்கும். எங்கே போயின அவை?
(ஓய்வுபெற்ற ஆசிரியை, பெரம்பூர்)

பதில்: விற்பவர்கள் இன்றும் வருகிறார்கள், டீச்சர். அவர்கள் குரல்தான் வீட்டுக்குள் வருவதில்லை. எங்கள் தெருக் கீரைக்காரம்மா "கீரேய்..." என்று கடைசி எழுத்தை இழுத்து உச்சியில் நிறுத்துவார். கோலமாவு விற்பவர் அதே இழுப்பைத் தழைத்து இறக்குவார். சொல் காதில் விழாவிட்டாலும் இழுப்பை வைத்து ஆளைச் சொல்லிவிடலாம். சாணைக்காரருக்கு வாயே வேண்டாம், அவர் சக்கரம் பேசும். ராத்திரி குல்பிக்காரருக்கு மணி.

இப்போது வீடு அடுக்குமாடியாகிவிட்டது. வாசலில் காவலாளி, ஜன்னலில் கண்ணாடி, உள்ளே ஏ.சி. குரலை நம்பிப் பிழைப்பவருக்கு மூடிய ஜன்னலும் மூடிய கடையும் ஒன்றுதான். அதனால் பலர் குரலைப் பதிவு செய்து ஒலிபெருக்கியில் ஓடவிடுகிறார்கள். தொண்டைக்கு ஓய்வு, சரிதான். ஆனால் "பெரியம்மா, நேத்து கேட்டீங்களே, முருங்கைக்கீரை வந்திருக்கு" என்று ஒரு வீட்டுக்கு மட்டும் சொல்ல அந்தப் பதிவுக்குத் தெரியாது.

கேள்வி: 55 டெசிபல், 65 டெசிபல் என்று கணக்குச் சொல்கிறார்கள். பத்து கூடினால் என்ன குடிமுழுகிப் போகிறது?
(கணக்காளர், தி.நகர்)

பதில்: இது உங்கள் கூட்டல் கணக்கு இல்லை, பெருக்கல் கணக்கு. டெசிபல் பத்து கூடினால் ஒலியின் ஆற்றல் பத்து மடங்காகிறது. காதுக்கு ஏறக்குறைய இரண்டு மடங்காகப் படுகிறது. 2000ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகள் குடியிருப்புப் பகுதிக்குப் பகலில் 55, இரவில் 45 என்றும், வணிகப் பகுதிக்கு 65, 55 என்றும் வரம்பு வைத்திருக்கின்றன. மருத்துவமனை, பள்ளி, நீதிமன்றம் இவற்றைச் சுற்றி அமைதி மண்டலமாக அறிவிக்கப்பட்ட 100 மீட்டருக்குள் 50, 40.

கருவி இல்லாமலே அளக்க ஒரு வழி உண்டு. ஒரு கை தூரத்தில் நிற்பவரிடம் குரலை உயர்த்தித்தான் பேசவேண்டியிருக்கிறது என்றால், அங்கே சத்தம் 85 டெசிபலைத் தொட்டிருக்கலாம். தினமும் எட்டு மணி நேரம் அதற்குள் நின்றால் செவி கெடும். சிக்னலில் நிற்கும் போக்குவரத்துக் காவலரையும் ஆட்டோ ஓட்டுநரையும் நினைத்துக்கொண்டு ஹார்னில் கை வையுங்கள்.

கேள்வி: ஓசை, சத்தம், இசை: என்ன வித்தியாசம்?
(பிளஸ் டூ மாணவர், ஆவடி)

பதில்: நம்மிடம் ஒரு செய்தி சொல்லிப் போவது ஓசை. நம்மைப் பேசவிடாமல் அடிப்பது சத்தம். பேச்சை நாமே நிறுத்திவிட்டுக் கேட்பது இசை.

கேள்வி: 2017இல் யுனெஸ்கோ சென்னையை இசை நகரங்கள் பட்டியலில் சேர்த்தது. அதில் எங்க கானாவுக்கும் இடம் உண்டா சார்?
(ஆட்டோ ஓட்டுநர், வியாசர்பாடி)

பதில்: இடம் கேட்க வேண்டியதே இல்லை, தம்பி. உங்களை விட்டால் அந்தப் பட்டமே பாதிதான். இசை நகரம் என்றதும் பலருக்கு 1928இல் தொடங்கிய மியூசிக் அகாடமியும் மார்கழி சபாக்களும் நினைவுக்கு வருகின்றன. அந்தப் பெருமையில் எனக்கும் பங்கு உண்டு. ஆனால் சாவு வீட்டில் ராத்திரி முழுக்க உட்கார்ந்து, இறந்தவரின் வாழ்க்கையையே பாட்டாகக் கட்டி, அழுகிற வீட்டைத் தாங்கிப் பிடிக்கும் கலைக்கு எந்த சபாவிலும் ஈடு இல்லை. மேடை இல்லாவிட்டால் தெரு, வாத்தியம் இல்லாவிட்டால் தகரமும் மேசையும் போதும்.

இசையமைப்பாளர் தேவாவின் பாடல்களில் கானா திரைக்குப் பரவியது. 2012இல் 'அட்டகத்தி' படத்தில் கானா பாலாவின் குரல் தமிழ்நாடு முழுவதும் கேட்டது. 2018 ஜனவரியில் 'தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ்' இசைக்குழு கீழ்ப்பாக்கத்தில் மேடை ஏறியபோது கானாவும் ராப்பும் கைகோத்து, சாதியை நேருக்கு நேர் கேள்வி கேட்டன. பறைக்கும் காலம் மாறுகிறது. அதைச் சாவுக்கு உரியது என்று ஒதுக்கிய ஊரில், தோலைத் தீயில் காய்ச்சிச் சுருதி ஏற்ற இன்று இளைஞர்கள் பெருமையோடு கற்கிறார்கள். ஒரு நகரத்தில் யாருடைய ஒலியை இசை என்கிறோம், யாருடையதை இரைச்சல் என்கிறோம் என்பதில்தான் அந்த நகரத்தின் நியாயம் தெரியும்.

கேள்வி: மார்கழி விடியற்காலை ஒலிபெருக்கி எழுப்பிவிடுகிறது. பக்தி என்று பொறுப்பதா, தொந்தரவு என்று சொல்வதா?
(குடும்பத்தலைவி, மயிலாப்பூர்)

பதில்: உங்கள் ஊரிலேயே விடை இருக்கிறது. பாபநாசம் சிவன் மார்கழியில் மாட வீதிகளில் பாடிக்கொண்டே பஜனை நடத்திச் சென்றவர். கேட்க விரும்பியவர்கள் வாசலுக்கு வந்தார்கள், தூங்க வேண்டியவர்கள் தூங்கினார்கள். பாட்டு நடந்து வந்தது, நடந்து போனது. திறந்தவெளியில் இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை ஒலிபெருக்கி கூடாது என்பது பொது விதி. கோவில், மசூதி, தேவாலயம், கட்சிக் கூட்டம் எல்லாவற்றுக்கும் அது ஒன்றே. பக்கத்து வீட்டில் இரவுப் பணி முடித்து வந்து படுத்திருக்கும் நர்ஸின் உறக்கமும் வழிபாட்டுக்குரியதுதான்.

கேள்வி: பறக்கும் ரயிலில் எல்லோர் காதிலும் இயர்போன். இது நல்லதா?
(ஐ.டி. ஊழியர், வேளச்சேரி)

பதில்: பாட்டு நல்லது, அளவில்தான் ஆபத்து. ரயிலின் இரைச்சலை மீறிக் கேட்க நாம் ஒலியைக் கூட்டிக்கொண்டே போகிறோம். ரயிலில் வைத்த அதே அளவை வீட்டு அமைதியில் ஒருமுறை கேட்டுப் பாருங்கள், திடுக்கிடுவீர்கள். 80 டெசிபல் என்றால் வாரத்துக்கு 40 மணி நேரம் வரைதான் என்கிறது உலக சுகாதார நிறுவனம்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். 1930இல் சென்னை மாநகராட்சியே வானொலி ஒலிபரப்பு நடத்தியது. 1938இல் அகில இந்திய வானொலி வந்தது. டீக்கடை வானொலியில் ஒரு பாட்டு ஓடினால் இருபது பேர் கேட்டார்கள், அதைப் பற்றி இரண்டு பேர் சண்டை போட்டார்கள், அப்புறம் சிநேகிதமானார்கள். இன்று அதே பாட்டு இருபது காதுகளில் தனித்தனியாக ஓடுகிறது. ஒரு நிலையம் வரும்வரை காதைத் திறந்து வையுங்கள். சுண்டல் விற்பவரின் குரலும் பாடிக்கொண்டே வருபவரின் குரலும் உங்களுக்காகத்தான்.

கேள்வி: மெட்ரோ வேலைச் சத்தம் தாங்கவில்லை. வளர்ச்சிக்காகப் பொறுக்கத்தான் வேண்டுமா?
(கடைக்காரர், வடபழனி)

பதில்: 1895 முதல் 1953 வரை இந்த ஊரில் டிராம் ஓடியது. நேற்றைய சென்னையும் ஓசையோடுதான் இருந்தது. தூணும் சுரங்கமும் எழும் சத்தத்துக்கு ஒரு முடிவு நாள் இருக்கிறது. இரவில் அடக்கி வாசிக்கச் சொல்லும் உரிமை உங்களுக்கு உண்டு, கேளுங்கள். பல சுருதியில் அலறும் ஹார்னுக்கோ முடிவு நாளே இல்லை. மோட்டார் வாகன விதிகள் அதைத் தடை செய்திருந்தும் தினம் கேட்கிறோம். முதல் கோபத்தை அங்கே காட்டுங்கள்.

கேள்வி: நகரத்துச் சத்தம் பறவைகளையும் மாற்றுமா?
(ஏழாம் வகுப்பு மாணவி, அண்ணா நகர்)

பதில்: மாற்றும், கண்ணு. நெதர்லாந்தின் லைடன் நகரில் இரைச்சல் மிகுந்த இடங்களில் வாழும் ஒரு சிட்டு வகை சுருதியை உயர்த்திப் பாடுவதை 2003இல் கண்டுபிடித்தார்கள். வண்டிகளின் தாழ்ந்த உறுமலுக்கு மேலே தன் குரல் கேட்கட்டும் என்றுதான். 2020இல் ஊரடங்கால் சான் பிரான்சிஸ்கோ அடங்கியபோது அங்கிருந்த குருவிகள் குரலைத் தணித்துப் பாடின. தணிந்த அந்தக் குரல் முன்பைவிட அதிக தூரம் எட்டியது. பறவைகள் சொல்லிக்கொடுத்ததை மனிதர்களும் செய்து பார்க்கலாம்.

கேள்வி: ஒரு தனி ஆள் இதில் என்ன செய்ய முடியும்?
(மூன்றாம் மாடிக்காரர், அடையாறு)

பதில்: தெருப்பக்கத்து ஜன்னல் ஒன்றைக் காலையில் அரை மணி நேரம் திறந்து வையுங்கள். தெரு அடங்கியிருந்தால் கீரைக்காரம்மாவின் வெறும் குரல் மூன்றாம் மாடிக்குத் தாராளமாக எட்டும். எட்டவில்லை என்றால் உங்கள் தெருவில் சத்தம் அதிகம் என்று பொருள். குடியிருப்போர் சங்கக் கூட்டத்தில் முதலில் பேச வேண்டிய விஷயம் அது. எட்டியது என்றால் எட்டிப் பார்த்து "இருங்கம்மா, வர்றேன்" என்று ஒரு குரல் கொடுங்கள். கூவியவருக்கு அந்தப் பதில் போதும், நாளைக்கும் உங்கள் தெருவுக்கு வருவார்.