நழுவிய பஸ்ஸும் ஏழு பதில்களும்

கேள்வி: பஸ்ஸைக் கோட்டை விட்டவன் வேறொரு உலகில் ஜன்னல் சீட்டில் போகிறானாமே, அந்த உலகங்களுக்கு வரைபடம் உண்டா? (வாசகர், அன்னவாசல்)

பதில்: குவாண்டம் நிகழ்வின் எல்லா விளைவுகளும் தனித்தனிக் கிளைகளில் நடக்கின்றன என்று 1957இல் கணக்குப் போட்டவர், அமெரிக்கர் ஹியூ எவரெட். ஆனால் பிரிந்த கிளைகள், பாகம் பிரித்த பங்காளிகள் மாதிரி, ஒன்றையொன்று எட்டிப் பார்ப்பதில்லை. சர்வேயர் சங்கிலி போடவே வழியில்லை!

வரைபடம் இல்லாவிட்டாலும், ஒரே கேள்விக்குப் பல பதில் தேடும் வாசகர், பக்கத்திலுள்ள சித்தன்னவாசலுக்கு நடக்கலாம். அங்கே ஏழடிப்பட்டம் என்ற குகையின் கற்படுக்கைகள் சமணத் துறவிகளுடையவை. சமணர்களின் ஸ்யாத்வாதம் எந்தக் கேள்விக்கும் ஏழு பதில் வைத்திருக்கிறது: ஒருவகையில் உண்டு, ஒருவகையில் இல்லை, ஒருவகையில் சொல்லவே முடியாது... மீதி இவற்றின் கலவை. அதே 1957இல் விஞ்ஞானி ஹால்டேன் இதை வைத்து ‘சாங்க்யா’ என்ற இந்தியப் புள்ளியியல் இதழில் கட்டுரையே எழுதினார்.

இந்தப் பக்கத்தில் ஒரு பதிலுக்குத்தான் இடம். பாக்கி ஆறு, ஏழடிப்பட்டத்தில்.