நிலவறை முருகனும் விடிய விடிய ஆட்டமும்

பெர்லின்

அன்புள்ள சித்தப்பாவுக்கு,

சனிக்கிழமை ராத்திரி போன் அடித்தால் எடுப்பதில்லை என்று சித்தி குறைப்பட்டதாகத் தம்பி சொன்னான். விளக்கம் இதோ. இந்தக் கடிதத்தில் ‘அவன்’ என்று வருபவன் உங்கள் அண்ணன் மகன்தான். ‘நான்’ என்று எழுதினால் சித்தி முதல் வரியிலேயே திட்டத் தொடங்கிவிடுவார். யாரோ ஒருவன் என்றால் கொஞ்சம் பொறுத்துக் கேட்பார். அன்றிரவு அவன் பூமிக்கு அடியில் இருந்தான். அங்கே சிக்னல் கிடைக்காது.

நம் பக்கத்தில் எந்தப் பழைய கட்டடத்தைக் காட்டினாலும், அங்கிருந்து தஞ்சாவூர் அரண்மனைக்குச் சுரங்கப்பாதை போகிறது என்று சொல்ல ஒரு பெரியவர் இருப்பார். நெப்போலியன் தோற்றதைக் கொண்டாட சரபோஜி மன்னர் கட்டிய மனோராவையும் நம் தாத்தா விட்டுவைக்கவில்லை. உள்ளே போய் வந்தவர்தான் யாருமில்லை. பெர்லினில் சுரங்கங்கள் நிஜம். 1964 அக்டோபரில் மேற்கு பெர்லின் மாணவர்கள், மூடிக்கிடந்த ஒரு பேக்கரிக்குள் குழி பறித்து, நகரைப் பிரித்த சுவருக்கு அடியில் 145 மீட்டர் தோண்டினார்கள். மறுமுனை கிழக்குப் பக்கத்து வீடொன்றின் கொல்லைக் கழிப்பறையில் போய்த் திறந்தது. இரண்டே இரவுகளில் 57 பேர் அந்த வழியாகத் தப்பி வந்தார்கள்.

1989-இல் சுவர் விழுந்ததும், கிழக்குப் பகுதியில் யார் பெயரில் பட்டா என்றே தெரியாத கட்டடங்கள் ஏராளமாகக் கிடந்தன. பட்டுக்கோட்டையில் அப்படி ஓர் இடம் கிடைத்தால் முதலில் டீக்கடை வரும், பின்னாலேயே கட்சிக் கொடிக்கம்பம் வரும். இங்கே ஓவியர்களும் பாட்டுக்காரர்களும் வந்தார்கள். ‘தாஹெலெஸ்’ என்ற பழைய கடைக்கட்டடத்தை இடிக்க நாள் குறித்திருந்தபோது, 1990 பிப்ரவரியில் கலைஞர்கள் உள்ளே புகுந்து உட்கார்ந்துகொண்டார்கள். 2012-இல்தான் அவர்களை வெளியேற்ற முடிந்தது. இப்போது அங்கே டிக்கெட் வாங்கிப் பார்க்கும் புகைப்படக் காட்சிக்கூடம் நடக்கிறது.

இன்னும் சுவையானது ‘ட்ரெசோர்’ கதை. வெர்த்ஹைம் என்ற யூதக் குடும்பத்தின் பிரம்மாண்டமான கடை ஒன்று நகர நடுவில் இருந்தது. நாஜிகள் குடும்பத்திடமிருந்து அதைப் பறித்தார்கள். பின்னால் கட்டடமும் போய்விட்டது. தரைக்கடியில் பெட்டக அறை மட்டும் தப்பியது. டிமித்ரி ஹேகெமான் என்பவரும் நண்பர்களும் அதைக் கண்டுபிடித்து, துருப்பிடித்த லாக்கர்களைக்கூட அகற்றாமல், 1991 மார்ச்சில் டெக்னோ கிளப்பாகத் திறந்தார்கள். அமெரிக்காவின் டெட்ராய்ட் நகரத்துக் கறுப்பின இளைஞர்கள் உருவாக்கிய இசை, பெர்லின் நிலவறையில் வேர்பிடித்தது. அதுவரை சுவருக்கு இரண்டு பக்கமும் பிரிந்து கிடந்த பிள்ளைகள் அங்கே ஒன்றாக ஆடினார்கள்.

விடிய விடிய ஆட எப்படி அனுமதி என்று கேட்பீர்கள். 1949-இல் ஹைன்ஸ் செல்லர்மாயர் என்ற ஓட்டல்காரர், கடை மூடும் நேரத்தை ரத்துசெய்யச் சொல்லி அமெரிக்கத் தளபதியைப் பார்க்கப் போனார். கையோடு ஒரு விஸ்கி பாட்டிலும் கொண்டுபோனார் என்பது ஊர்க்கதை. அன்று போன விதி, 2020 கொரோனா காலத்தைத் தவிர, திரும்பி வரவே இல்லை. பத்து மணிக்கு ஷட்டர் இறக்கும் ஊரிலிருந்து வந்தவனுக்கு இதை நம்பவே கொஞ்ச காலம் பிடித்தது.

அவன் போன கிளப்பின் பெயர் வேண்டாம். ரேஷன் கடையில் மண்ணெண்ணெய்க்கு நிற்பதுபோல நள்ளிரவில் வரிசை நின்றது. வாசலில் இருந்த ஆள், சித்தி பொங்கலுக்கு அனுப்பிய கட்டம்போட்ட சட்டையை மேலும் கீழும் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினார், போய்விட வேண்டியதுதான். பிறகொரு நாள் கசங்கிய கறுப்பு பனியனில் போனான், கதவு திறந்தது. கலகக்காரர்களுக்கும் சீருடை உண்டு சித்தப்பா! உள்ளே விடும்முன் போன் கேமராமேல் ஸ்டிக்கர் ஒட்டினார்கள். படம் எடுக்கக் கூடாது என்ற விதிக்கு இத்தனை மரியாதையை அவன் கர்ப்பக்கிரகத்துக்கு வெளியே கண்டதில்லை.

அரசாங்கம் சும்மா இருக்குமா? கலகத்துக்கும் முத்திரை குத்திவிட்டது. பெர்க்ஹைன் என்ற கிளப்பில் நடப்பது கச்சேரிதான், ஆகவே 19 சதவீதம் அல்ல, 7 சதவீத வரியே போதும் என்று 2016-இல் நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. 2024-இல் பெர்லின் டெக்னோ, ஜெர்மனியின் மரபுச் செல்வப் பட்டியலில் ஏறியது. ஆனால் வாடகை குறையவில்லை. ட்ரெசோரே 2005-இல் நிலம் கைமாறியதால் மூடப்பட்டு, இரண்டு வருஷம் கழித்துப் பழைய மின்நிலையத்துக்குக் குடிபோனது.

சித்தி காத்திருந்த செய்தி இனிமேல்தான். ட்ரெசோர் திறந்த அதே 1991-இல், அதே ஊரில், நம் முருகனும் நிலவறைக்குத்தான் குடிவந்தார். கிராய்ஸ்பெர்க் பகுதியில் ஒரு குடியிருப்பின் கீழறையில் இலங்கைத் தமிழர்கள் மயூரபதி முருகனை வைத்துக் கும்பிட்டார்கள். காரணம் கிளப்காரர்களுக்கு இருந்ததுதான்: கையில் காசில்லை, மேலே இடமில்லை, சத்தம் போட்டால் பக்கத்து வீட்டார் வந்துவிடுவார்கள். சொந்தக் கோயிலுக்குக் கும்பாபிஷேகம் நடந்தது 2013-இல்.

ஹாம் என்ற ஊரின் காமாட்சி அம்மன் கதை இன்னும் நீளம். 1989-இல் ஒரு வீட்டின் கீழறை, 1992-இல் பழைய சலவைக்கூடம். வீதியுலா தொடங்கியதும் கூட்டம் பெருகியது. கார் நிறுத்த இடமில்லை, கழிப்பறை போதவில்லை என்று அக்கம்பக்கத்தார் புகார் செய்தார்கள். ஊருக்கு வெளியே தொழிற்பேட்டைக்குப் போனார்கள். ஜெர்மன் கட்டடக்கலைஞர் வரைபடம் போட, தென்னாட்டுச் சிற்பிகள் வந்து செதுக்க, 2002 ஜூலையில் 17 மீட்டர் கோபுரத்தோடு குடமுழுக்கு நடந்தது. கிளப்காரர்கள் கீழேயே இருக்க ஆசைப்படுகிறார்கள். நம்மவர்கள் முதல் நாளிலிருந்தே கோபுரத்துக்குச் சீட்டு கட்டினார்கள். இவ்வளவுதான் வித்தியாசம்.

தீர்த்தவாரிக்குப் பக்கத்துக் கப்பல் கால்வாய். நம் புது ஆறும் வெட்டிய கால்வாய்தானே, அம்மன் கோபித்துக்கொள்ள மாட்டாள்.

இந்த வருஷத் தேருக்கு அவனோடு அறைத்தோழனும் வருகிறான், ஜெர்மன்காரன். வாசலில் யார் நின்று ஆளைப் பார்த்து உள்ளே விடுவார்கள் என்பதுதான் அந்தத் தோழன் கேட்ட முதல் கேள்வி. வேட்டி கட்டினால் போதும் என்று சொல்லியாயிற்று. எட்டு முழத்தில் இரண்டு கொரியரில் அனுப்புங்கள். கரை மெல்லியதாக இருக்கட்டும். ஆள் ஆறடிக்கு மேல்.

இப்படிக்கு,
உங்கள் அண்ணன் மகன்